மூன்றாவது இழை

டிசம்பர் 5, வெள்ளி

இன்று வேட்டி வாங்கினேன். உடுத்த ஆள் இல்லாத வீட்டுக்கு வேட்டி.

கடைக்காரர், "சாருக்கு நாலு முழமா, எட்டு முழமாங்க?" என்றார். நாலு முழம் போதும் என்றேன். "கரை சிறுசுங்களா, பெருசுங்களா?" ஏதோ ஒன்று கொடுங்கள் என்றேன். "எதுக்கும் சாரை போன்ல ஒரு வார்த்தை கேட்டுக்குங்க. அப்புறம் மாத்தோணும்னு வருவீங்க." அவர் மாற்ற வரமாட்டார் என்றேன். அந்த மனுஷனுக்கு விளங்கவில்லை. நானும் விளக்கவில்லை.

பிள்ளையார் நோன்புக்குப் புது வேட்டியிலிருந்துதான் நூல் எடுக்க வேண்டும். கார்த்திகை தீபம் கழிந்ததிலிருந்து தினம் ஒரு நூல், இருபத்தொரு நாள். கடைசி நாள் சாயங்காலம் அத்தனையையும் சேர்த்துத் திரித்து, ஆளுக்கு ஒரு துண்டாக நறுக்கி, வெல்லமும் நெய்யும் போட்டுப் பிசைந்த அரிசிமாவில் நட்டு ஏற்றுவோம். வீட்டில் மூத்தவர் எடுத்துக் கொடுக்க, எரிகிற சுடரோடு வாயில் போட்டுக்கொள்ள வேண்டும். அதுதான் இழை. நகரத்தார் வீட்டில் பிறந்தவர்கள் கடல் தாண்டிப் போனாலும் இதை மட்டும் விடமாட்டார்கள்.

முப்பத்தொன்பது வருஷம் அவர் கையால் வாங்கினேன். போன வருஷம் ஐப்பசியில் அவர் போய்விட்டார். அந்த நோன்பு துக்கத்தோடு துக்கமாகக் கழிந்தது. இந்த வருஷம் யார் கையால் வாங்குவது? நேற்றிலிருந்து இதே யோசனை.

முதல் நூல் எடுத்தாயிற்று.

டிசம்பர் 6, சனி

இரண்டாவது நூல்.

மஸ்கட்டிலிருந்து வயிரவன் கூப்பிட்டான். "ஆத்தா, அங்க நம்ம சங்கத்துல பொதுவா நோன்பு வைக்கிறாகளாம். நீங்க அங்க போயிருங்க. மூத்த ஐயா ஒருத்தர் எல்லாத்துக்கும் எடுத்துக் குடுப்பாக."

வேண்டாம் என்றேன்.

"எதச் சொன்னாலும் வேண்டாமா? மஸ்கட்டுக்கு வாங்கன்னாலும் வேண்டாம், சமையலுக்கு ஆள் வைக்கிறேன்னாலும் வேண்டாம்." சிரிக்கிறான். சிரிக்கட்டும், பெற்ற பிள்ளைதானே. போனை வைத்த பிறகு கோயம்புத்தூர் முழுக்க ஒரே அமைதி மாதிரி இருந்தது. குக்கரில் அரை ஆழாக்கு அரிசி வைத்தேன். அதிலும் மிச்சம்.

டிசம்பர் 8, திங்கள்

நான்காவது நூல். நோன்புச் சாமான் பட்டியல் எழுதினேன். பச்சரிசி, மண்டை வெல்லம், நெய், ஐந்து வகைப் பொரி. எழுதி முடித்துப் பார்த்தால் மூன்று இழைக்கு உண்டான மாவுக் கணக்குப் போட்டிருக்கிறேன். நான் இருப்பது ஒருத்தி.

கை வழக்கம், வேறென்ன. அவரும் நானும் மட்டும் இருந்த காலத்திலும் மூன்றுதான் பிடிப்பேன். எங்கள் இருவருக்கும் ஆன பிறகு, மூன்றாவதைத் திரியோடு சின்ன எவர்சில்வர் டப்பாவில் வைத்துக்கொண்டு பிள்ளையார் கோயிலுக்குப் போவார். கோயிலில் ஒன்று வைப்பது நல்லதுதானே. நான் எதுவும் கேட்டதில்லை.

டிசம்பர் 9, செவ்வாய்

ஐந்து. மழை. முழங்கால் வலி.

டிசம்பர் 11, வியாழன்

எதிர்வீட்டு நாகமணி கொள்ளுப் பருப்பு கொண்டு வந்தாள். வேண்டாம் என்றேன். அவள் கேட்கிற ரகமா? நேரே அடுப்படிக்குப் போய் மேடையில் வைத்துவிட்டு வந்து, நான் நூல் பிரிக்கிறதைக் குனிந்து பார்த்தாள்.

"ஏனுங்க்கா, புது வேட்டியை இப்படிப் பிரிச்சுப் பாழாக்கறீங்?"

நோன்பு விவரம் சொன்னேன். நெருப்போடு விழுங்குவதா என்று கன்னத்தில் போட்டுக்கொண்டாள். அத்தோடு போயிருக்கலாம். "உங்களுக்குப் பொண்ணு ஒண்ணு இருக்குதாமே? இதுக்கெல்லாம் வர்றதில்லைங்ளா?"

"இருக்கா. வேத்து ஆளைக் கட்டிக்கிட்டா. போயிட்டா" என்றேன்.

"அப்பா சாவுக்குமா வரலீங்?"

வந்தாள். எட்டு வருஷம் கழித்து வந்தாள். கீழே கார் நிறுத்துமிடத்தில்தான் அவரைக் கிடத்தியிருந்தோம். கேட்டுக்கு வெளியே, அவள் கட்டிக்கொண்ட அந்தப் பையன் எட்வினோடு நின்றாள். இவருடைய அண்ணன்தான் உள்ளே விடவில்லை. பெரியவர்கள் எடுத்த முடிவு, நான் என்ன செய்வது? நாகமணியிடம் இவ்வளவும் சொல்லவில்லை. "வந்தா" என்று மட்டும் சொன்னேன்.

கொள்ளு நன்றாகத்தான் இருந்தது. பாத்திரத்தைக் கழுவிக் கவிழ்த்திருக்கிறேன்.

டிசம்பர் 12, வெள்ளி

எட்டாவது நூல். சிலிண்டர் வந்தது. காலையிலிருந்து நான் பேசிய ஆள் சிலிண்டர்காரர் ஒருவர்தான். "ஓடிபி சொல்லுங்கம்மா" என்றார், சொன்னேன்.

டிசம்பர் 14, ஞாயிறு

வயிரவன் நச்சரிப்பு தாங்காமல் சங்கத்துக்குப் போன் செய்தேன். செயலாளர் வீட்டு ஆச்சி எடுத்தார்கள். நல்ல மாதிரி. ஊர், கோயில், யார் வீடு எல்லாம் விசாரித்துவிட்டு, "ஒங்க வீட்டுக்கு எத்தனை இழை எழுதட்டும் ஆச்சி?" என்றார்கள்.

"ரெண்டு."

"யாரு யாருக்கு? பேரைச் சொல்லுங்க."

"உண்ணாமலை" என்றேன். என் பெயர்.

"இன்னொண்ணு?"

"இல்ல, ஒண்ணுதான். தப்பாச் சொல்லிட்டேன்."

"அதனாலென்ன ஆச்சி, ஒண்ணுன்னு போட்டுக்கிறேன். இருபத்தஞ்சாந் தேதி சாயங்காலம் அஞ்சரைக்கெல்லாம் வந்திருங்க. எம்பத்தெட்டு வயசு ஐயா ஒருத்தர் இருக்காக, அவுக கையால வாங்கிக்கலாம்."

யார் கையால் வாங்குவது என்ற கவலை விட்டது. எண்பத்தெட்டு வயது, தீர்க்காயுசான கை. நிம்மதியாக இருக்க வேண்டும். பகலெல்லாம் எதற்கென்று தெரியாமல் அலமாரியைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

டிசம்பர் 16, செவ்வாய்

மார்கழி பிறந்துவிட்டது. வாசலில் கோலம் போட்டேன். மூன்றாம் மாடியில் லிப்டுக்கு எதிரே இரண்டடி இடம், அதில் என்ன பெரிய கோலம் போட்டுவிட முடியும்? பத்து மணிக்குப் பெருக்குகிற பெண் கூட்டித் தள்ளிவிட்டாள்.

அலமாரியைத் துடைத்தபோது அவருடைய டெலிபோன் புத்தகம் கையில் அகப்பட்டது என்று எழுதலாம். ஆனால் அது உண்மையில்லை. ஆடி மாதமே பார்த்துவிட்டேன். கடைசிப் பக்கத்தில் அவர் கையெழுத்து: "பிள்ளையார் கோயில், 14/3, மாடி, சௌரிபாளையம்." பக்கத்தில் ஒரு செல் நம்பர்.

எங்கள் பிள்ளையார் கோயில் இரண்டு தெரு தள்ளி இருக்கிறது. அதற்கு மாடியும் கிடையாது, செல் நம்பரும் கிடையாது.

அவரைக் கிடத்தியிருந்த அன்றைக்கு நான் தலை நிமிரவே இல்லை. அழுதுகொண்டிருந்தேன். கேட்டில் யார் யாரிடம் என்ன சொன்னார்கள் என்று எனக்கு எப்படித் தெரியும்?

டிசம்பர் 17, புதன்

பதின்மூன்று.

டிசம்பர் 18, வியாழன்

பதினோரு மணிக்கு அந்த நம்பரைப் போட்டேன். இரண்டு தடவை ரிங் போனதும் வைத்துவிட்டேன். மறுபடி போட்டேன். எடுத்துவிட்டாள்.

"ஹலோ, யாருங்க?"

குரல் தடித்துவிட்டது. சின்னதில் சளி பிடித்தால் இப்படித்தான் பேசுவாள். மருந்து சாப்பிட்டாளோ என்னவோ.

"யாருங்க பேசுறது?" பிறகு, "ஆத்தாவா?" என்றாள்.

வைத்துவிட்டேன். போனை அரிசி டப்பாவின் மேல் வைத்துவிட்டு மொட்டை மாடிக்குப் போய் காயாத துணியை எல்லாம் எடுத்துக்கொண்டு வந்தேன். என்ன பெண் நான்! அறுபது வயதில் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி போனை வைத்துவிட்டு ஓடுகிறேன். திரும்பி வந்து பார்த்தால் அந்த நம்பரிலிருந்து நான்கு தடவை கூப்பிட்டிருந்தாள். நான் திருப்பிக் கூப்பிடவில்லை.

டிசம்பர் 20, சனி

பிள்ளையார் கோயிலுக்குப் போனேன். குருக்கள் விபூதி தந்தபோது, "நோன்பன்னிக்கு எங்க வீட்டு இழை ஒண்ணு இங்க வருமே, அதை எங்க வைப்பீங்க?" என்று கேட்டேன்.

"இங்க வந்ததே இல்லையேம்மா" என்றார். "சார் பிரதோஷத்துக்கு வருவார், சங்கடஹர சதுர்த்திக்கு வருவார். நோன்பன்னிக்கு அவர் இந்தப் பக்கம் தலைகாட்டினதே கிடையாது."

இதைக் கேட்க நான் அங்கே போயிருக்க வேண்டியதில்லை. எனக்குத் தெரியும். இரண்டு தெரு தள்ளியிருக்கிற கோயிலுக்கு ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு போய் ஒன்றரை மணி நேரம் கழித்து ஒரு மனுஷன் வருவாரா? டப்பாவில் இழை போகும். திரும்பி வரும்போது அதில் கேக் இருக்கும். நோன்பு டிசம்பர் கடைசியிலோ ஜனவரி முதலிலோ வரும், கேக் காலம். "பேக்கரியில புதுசா போட்டிருந்தான்" என்பார். பேக்கரிக்காரன் எவன் எவர்சில்வர் டப்பாவில் வாழையிலை நறுக்கிப் போட்டு அடுக்கித் தருவான்? முந்திரியும் திராட்சையும் அள்ளிப் போட்டிருக்கும். அடி கொஞ்சம் தீய்ந்திருக்கும். ஆறு வருஷம் தின்றேன். ஒரு வருஷமும் எந்தப் பேக்கரி என்று கேட்டதில்லை.

அவரும் என்னை, எதற்கு மூன்று பிடிக்கிறாய் என்று கேட்டதில்லை.

அவர் இருந்தவரைக்கும் அவர் கொண்டு போனார். இப்போது யார் கொண்டு போவது? போன வருஷம் யாரும் போகவில்லை. அவள் சாயங்காலம் பூராவும் வாசலைப் பார்த்துக்கொண்டு இருந்திருப்பாள். அப்பன் செத்து இரண்டு மாதம் கழிந்த பிள்ளை.

டிசம்பர் 21, ஞாயிறு

இன்றைய நூலையும் சேர்த்து எண்ணினால் பதினாறு. பதினேழு இருக்க வேண்டும். மூன்று தடவை எண்ணினேன். வியாழக்கிழமை போன் செய்த லட்சணத்தில் நூல் எடுக்க மறந்திருக்கிறேன். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து ஒரு நாள் தப்பியதில்லை. பிரசவ வலியிலும் மாமியார் வேட்டியைக் கொண்டு வந்து என் கையில் கொடுத்து எடுக்க வைத்திருக்கிறார்கள்.

நாகமணியிடம் சொல்லி அழுதேவிட்டேன். ஒரு நூலுக்கு இப்படியா என்று பயந்து போனாள். "இன்னிக்கு ரெண்டா எடுத்துப் போடுங்க்கா. பிள்ளையார் என்ன, வருகைப் பதிவா எடுக்கறார்?" என் முதுகைத் தடவிக்கொண்டே இருந்தாள். ஒரு வருஷமாக யாரும் என்னைத் தொட்டதில்லை.

ரசம் கொடுத்தாள். வேண்டாம் என்றுவிட்டேன்.

டிசம்பர் 23, செவ்வாய்

மாவு சலித்தேன். வெல்லம் தட்டி வைத்தேன்.

அன்றைக்கு இவருடைய அண்ணன் கேட்டுக்குப் போகும் முன்னால் என் பக்கம் திரும்பிப் பார்த்தார். "என்னம்மா, விடலாமா?" என்று கண்ணாலேயே கேட்டார். அவர் நல்லவர், விட்டிருப்பார். நான்

பால் பொங்கிவிட்டது. அடுப்பைத் துடைக்க வேண்டும்.

டிசம்பர் 24, புதன்

சங்கத்து ஆச்சிக்குப் போன் செய்து என் பெயரை அடித்துவிடச் சொன்னேன். "ஏன் ஆச்சி, உடம்புக்கு ஆகலியா? தனியா வீட்ல இருந்துக்கிட்டு யாரு கையால எடுப்பீக?" என்றார்கள்.

"எங்க வீட்ல இப்ப நான்தான் ஆச்சி மூத்தவ" என்றேன்.

சொல்லிவிட்டு எனக்கே என்னமோ போல் ஆகிவிட்டது. இருபது நாளாக யார் கையால் வாங்குவது என்று மாய்ந்துகொண்டிருக்கிறேன். என் கையிலிருந்து வாங்க வேண்டியவள் ஒருத்தி சௌரிபாளையத்தில் இருக்கிறாள்.

வாங்குவாளா என்பது வேறு விஷயம். முகத்துக்கு நேரே கதவைச் சாத்தினால் வாங்கிக்கொண்டு வர வேண்டியதுதான். நான் சாத்தியதற்கு அது சரியாகப் போகும்.

டிசம்பர் 26, வெள்ளி, காலை

நேற்று எழுதவில்லை.

நான்கு மணிக்குக் குளித்துவிட்டு இருபத்தொரு நூலையும் திரித்தேன். இரண்டு இழை பிடித்தேன். அவர் படத்துக்கு முன்னால் கொஞ்ச நேரம் வைத்திருந்துவிட்டு டப்பாவில் எடுத்து வைத்தேன். நாகமணியிடம் சாவியைக் கொடுத்தேன். ஆட்டோக்காரர், "சர்ச்சுக்குங்ளாம்மா? கிறிஸ்மஸுங்காட்டி அந்தப் பக்கம் ஒரே நெரிசலுங்" என்றார். பிள்ளையார் நோன்பு என்றேன். கண்ணாடியில் என்னை ஒரு பார்வை பார்த்தார்.

14/3க்கு வெளிப்பக்கமாக மாடிப்படி. மேலே நட்சத்திர விளக்குத் தொங்கியது. பிரியாணி வாசனை. எட்வின்தான் கதவைத் திறந்தான். என்னைக் கண்டதும், "வாங்க" என்று சொல்லிவிட்டு, சொல்லலாமா கூடாதா என்று தெரியாமல் உள்ளே பார்த்து, "தேனு" என்று கூப்பிட்டான்.

தேனம்மை வந்தாள். தலைக்குக் குளித்து ஈரத்தோடு முடிந்திருந்தாள். காதோரம் நரை. முப்பத்தாறு வயதுதான் ஆகிறது. அவனை உள்ளே போகச் சொல்லிவிட்டு கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"என்ன ஆத்தா?"

"இழை கொண்டாந்திருக்கேன்."

"அப்பச்சிதான கொண்டாருவாக."

"அவுக இல்லையேத்தா."

"தெரியும். கேட்டு வரைக்கும் வந்தேன்ல."

"அன்னிக்கு ஒங்க பெரியப்பச்சி..." என்று ஆரம்பித்தேன்.

"பெரியப்பச்சி உங்களப் பார்த்தாக. நீங்க தலைய ஆட்டினீக." சத்தம் போடவில்லை, சாதாரணமாகத்தான் சொன்னாள். "நான் பார்த்துக்கிட்டுத்தான் நின்னேன்."

ஆமாம், ஆட்டினேன். இந்த நோட்டில் இரண்டு விதமாகப் பொய் எழுதினேன், மூன்றாவது தடவை பாதியில் விட்டேன். அழுதுகொண்டிருந்தவள் நிமிர்ந்து, அவளை நன்றாகப் பார்த்து, வேண்டாம் என்று தலையை ஆட்டினேன்.

"ஆமா, ஆட்டினேன்" என்று அவளிடமும் சொன்னேன்.

"ஒரு தடவ மொகத்தப் பார்க்க விட்டிருக்கலாம்ல?"

"விட்டிருக்கணும்."

"ஏன் விடல?"

படியேறி வந்த மூச்சு இன்னும் அடங்கவில்லை எனக்கு. "அவுக ஒன்னயக் கைவிடல, நான் மட்டுந்தான் கைவிட்டிருக்கேன்னு எனக்குத் தெரியும்த்தா. நீ உள்ள வந்து அழுதா, அது ஊருக்கெல்லாம் தெரிஞ்சுபோகும். இத்தனை வருஷமும் அவுகளுக்குப் பொண்ணு இருந்துச்சு, எனக்கு இல்ல. அந்த ஆத்திரம் எனக்கு. அவுகளக் கெடத்தியிருக்கிற எடத்துல, அந்த ஆத்திரம்."

நான் டப்பாவைத் திறந்து ஒரு இழையை உள்ளங்கையில் வைத்துத் தீக்குச்சி கிழித்தேன். அணைந்தது. இரண்டாவது குச்சியும் அணைந்தது. மூன்றாவதில் திரி பற்றி, ஒரு நொடி நின்று, போய்விட்டது. நான்காவது குச்சி கீழே விழுந்தது.

"காத்து அடிக்குது" என்றாள். நிலையிலிருந்து கையை எடுத்தாள். "உள்ள வந்து ஏத்துங்க."

போனேன். ஏசு படத்துக்குக் கீழே சின்னப் பலகையில் ஒரு பித்தளைப் பிள்ளையார், முன்னால் ஒரு தட்டில் பொரி. அப்பன் இல்லை, இழை வராது என்று தெரிந்தும் பொரி வாங்கி வைத்திருக்கிறாள். எனக்கு அழுகை வந்தது. அவள் முன்னால் அழ எனக்கு என்ன யோக்யதை என்று அடக்கிக்கொண்டேன்.

இழையை ஏற்றி நீட்டினேன்.

"அப்பச்சிக்காக எடுத்துக்கிறேன்" என்றாள். "உங்களுக்காக இல்ல."

"சரித்தா."

என் கையிலிருந்து வாங்கிச் சுடரோடு வாயில் போட்டுக்கொண்டாள். கண்ணை மூடி மென்றாள்.

"உங்களுக்கு யாரு குடுப்பா?" என்றாள் பிறகு.

"மூத்தவளுக்கு யாரும் குடுக்கிறதில்ல. தானே எடுத்துக்கிறதுதான்."

என்னுடையதை ஏற்றி நானே வாயில் போட்டுக்கொண்டேன். அவர் கொடுக்கும்போது எந்த நொடியில் கொடுப்பார், எப்படிச் சாய்த்துக் கொடுப்பார் என்று நான் கவனித்ததே இல்லை. வாயைத் திறந்தால் போதும், ஒரு நாளும் சுட்டதில்லை. நேற்று நாக்கு பொரிந்துவிட்டது. "ஸ்ஸ்" என்று வாயைப் பொத்திக்கொண்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டேன்.

தேனம்மை கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு உள்ளே போனாள். குழாய் திறக்கிற சத்தம் கேட்டது. டம்ளரில் தண்ணீர் கொண்டு வந்து நீட்டினாள். வாங்கி ஒரே மூச்சில் குடித்தேன்.

"இன்னங் கொஞ்சம் வேணுமா?"

வேண்டாம் என்றுதான் வாயில் வந்தது. வேணும் என்றேன்.